நாடகத்துக்குக் ‘கூடு பாயும் கருவி’: தலையில மாட்டுறது, பெட்டி, சத்தம் எல்லாம் எப்படிப் பண்றது?

ராயபுரம்மேடை:

வணக்கம். 50 நிமிஷ நாடகம் ஒண்ணு ரெடியாகுது. துறைமுகத்துல கிரேன் எலக்ட்ரீஷியனா இருந்து ரிடையர் ஆன ஒரு பெரியவர், காயலான் கடைச் சாமானை வெச்சு ஒரு கருவி பண்றார். அதைத் தலையில கவுத்துக்கிட்டு திருகைத் திருப்பினா உடம்பு இங்கயே கிடக்கும், நினைவு மட்டும் மேல் ஏழு, கீழ் ஏழுன்னு பதினாலு உலகத்துக்கும் போய் வரும். கதை அவ்ளோதான்.

ஹால் ராயபுரத்துல, கடலுக்கு ரொம்பக் கிட்ட. 120 நாற்காலி. முதல் வரிசை மேடையிலேர்ந்து 12 அடி, கடைசி வரிசை 45 அடி. மூணு நாள் ஷோ, மூணாவது நாள் மொபைல்ல ஷூட் பண்றோம். கருவிக்குன்னு ஒதுக்கினது 6000 ரூபா.

இப்போ இருக்கிறது பைக் ஹெல்மெட், அதுல சுத்தின செம்புக் கம்பி, ஒரு சீரியல் பல்பு. பாக்க பிள்ளையார் சதுர்த்தி செட் மாதிரி இருக்கு. தலையில மாட்டுறதை எதுல பண்ணலாம், பதினாலு உலகத்துக்கு சுவிட்ச் எப்படி, ‘போயிட்டாரு’ன்னு சனத்துக்கு எப்படிப் புரிய வைக்கிறது? மூணாவதுதான் ரொம்ப இடிக்குது. வெளிச்சத்தைப் படபடன்னு அடிக்க விட்டா வேலைக்காவுமா?

கம்பிகட்டு:

படபடன்னு அடிக்கிறதை முதல்ல மறந்துடுங்க. நொடிக்கு 3 தடவைக்கு மேல எதுவும் மின்னக் கூடாது. 15லேர்ந்து 25 தடவை வரைக்கும்தான் ரொம்ப மோசம், வலிப்பு வர வாய்ப்புள்ளவங்க 120 பேர்ல ஒருத்தர் இருந்தா போதும். ஜப்பான்ல 1997 டிசம்பர் 16 அன்னிக்கு டிவி கார்ட்டூன் ஒண்ணுல சிவப்பும் நீலமும் நொடிக்கு 12 தடவை மாறி மாறி அடிச்சதுல 600 பேருக்கு மேல ஆஸ்பத்திரிக்குப் போனாங்க. மூச்சு மாதிரி ஏறி இறங்கட்டும்: 4 செகண்ட் ஏத்தம், 6 செகண்ட் இறக்கம். பாக்கிறவங்களும் தன்னால அந்த மூச்சுக்கு வரலாம்.

ஹெல்மெட் வேணாம். மூங்கில் கூடை வாங்குங்க, வாய் 12 அங்குலம், உயரம் 9 அங்குலம். கவுத்துப் போட்டா தொப்பி. காத்தோட்டம் இருக்கும், கால் கிலோதான் வரும். உள்ளே தலையில உக்கார, கட்டட வேலைக்குப் போடுற மஞ்சத் தொப்பியோட உள்பட்டியை மட்டும் கழட்டி கேபிள் டையால கட்டுங்க. டை வெட்டின முனை வெளிப்பக்கம் இருக்கணும், இல்லேன்னா நெத்தியைக் கிழிச்சிடும்.

செம்புக் கம்பின்னா மோட்டார் சுத்துற 18 கேஜ் எனாமல் கம்பி. மீட்டருக்கு 10 கிராம் சொச்சம், 20 மீட்டர் சுத்தினா 210 கிராம். அதுக்கு மேல போகாதீங்க. கனம் ஏற ஏற நடிகருக்குக் கழுத்து பிடிச்சுக்கும். பழசாக் காட்ட வினிகர், உப்பு தடவிப் பச்சை ஏத்தலாம்னு நினைப்பீங்க. எனாமல் மேல ஏறாது. உப்புத்தாள் போட்டு வார்னிஷை எடுத்த இடத்துலதான் ஏறும். அந்தப் பச்சை விஷம், வாய், கண் பக்கம் வரவே கூடாது. பேசாம பச்சை பெயிண்ட்டைப் பஞ்சால ஒத்துங்க, 12 அடியில எவனுக்கும் தெரியாது.

கூடைக்கு ரெண்டு விளக்கு. விளிம்போட உள்பக்கம் 5 வோல்ட் பிக்சல் பட்டை (ஒவ்வொரு பல்பையும் தனித்தனியா கலர் மாத்தக்கூடிய எல்இடி பட்டை), மீட்டருக்கு 60 பல்பு ரகம். 12 அங்குல வாய்க்குச் சுத்தளவு 96 செ.மீ., அதாவது 57 பல்பு. ஒவ்வொண்ணும் முழு வெள்ளையில 60 மில்லி ஆம்ப்ஸ் இழுக்கும். மொத்தமா விட்டா 3.4 ஆம்ப்ஸ் ஆயிரும், அதனால புரோகிராம்லயே 30 சதவீதத்துக்குக் கட்டிப் போடுங்க. மூளை ஆர்டுயினோ நானோ, புரோகிராம் போட்டு விளக்கை ஆட்டி வைக்கிற சின்ன போர்டு. 3.3 வோல்ட் போர்டு எடுத்தா டேட்டா சிக்னல் பத்தாம பட்டை கண்டபடி கலர் காட்டும். டேட்டா வயர்ல 470 ஓம், பட்டை வாயில 1000 மைக்ரோஃபாரட் கெப்பாசிட்டர் போடுங்க.

ரெண்டாவது விளக்குதான் விஷயமே. கூடை உச்சியில உள்பக்கமா ஒரே ஒரு 3 வாட் எல்இடி. பட்டை வெளிச்சத்துல பின்னல் நிழல் விழாது, ஏன்னா 57 இடத்துலேர்ந்து வர்ற வெளிச்சம் ஒண்ணோட நிழலை இன்னொண்ணு அழிச்சிரும். ஒரே புள்ளியிலேர்ந்து வந்தா பின்னலோட ஒவ்வொரு கண்ணும் பின்துணியில கையகலத்துக்கு விழும். நடிகர் தலையை லேசா அசைச்சா சுவரே நகர்ற மாதிரி இருக்கும். பின்துணி 6, 7 அடிக்குள்ள இருக்கணும், மேடை நல்ல இருட்டா இருக்கணும். 3.3 ஓம் 2 வாட் ரெசிஸ்டர் போட்டா அரை ஆம்ப்ஸ்ல ஓடும், அது போதும். அலுமினியத் தகட்டுல ஏத்தி முடிக்கும் அதுக்கும் நடுவுல 3 அங்குலம் இடைவெளி விடுங்க. ஆன் ஆஃப் பண்ண ஐஆர்எல்இசட்44என்ங்கிற டிரான்சிஸ்டர், அதோட கேட் காலுக்கும் கிரவுண்டுக்கும் நடுவுல 10கே ரெசிஸ்டர். அது இல்லேன்னா நானோ உயிர் வர்றதுக்குள்ள லைட் ஒரு தடவை கண்ணடிச்சிரும்.

வெல்டிங்தாஸ்:

பழைய டிவிக்குள்ள இருக்கிற ஹை வோல்ட்டேஜ் டிரான்ஸ்ஃபார்மர், அந்த ஃப்ளைபேக் ஒண்ணு பெட்டி மேல வெச்சா பட் பட்னு பொறி பறக்கும்ல. அதுக்கு மேல கெத்து எது?

கம்பிகட்டு:

கெத்துதான், ஆனா ஆயிரக்கணக்கான வோல்ட். கீழே செம்பு சுத்தின கூடையைத் தலையில மாட்டிக்கிட்டு ஒருத்தர் உக்காந்திருக்கார். கடக்கரைக் காத்து ஈரத்துல தூசி மேலயே கரன்ட் ஊர்ந்து போகும். மைக்ரோவேவ் டிரான்ஸ்ஃபார்மர் பேச்சையும் சேர்த்தே எடுத்துடுங்க, அது தொட்டா திரும்பி வர மாட்டீங்க. தலைக்குப் போறது 5 வோல்ட், பவர் பேங்க்லேர்ந்து. கருவிக்கு 230 வோல்ட் மேடைக்கே வேணாம்.

சால்_கவுத்தவன்:

மூணாவது கேள்விக்கு வர்றேன். கூடு பாயறதைப் பத்தி நம்மகிட்ட இருக்கிற கதையெல்லாம் கொஞ்சம் பாருங்க. திருமூலர் சாத்தனூர்ல செத்துக் கிடந்த மூலன்ங்கிற இடையனோட உடம்புக்குள்ள போறார், மாடுங்க கதறதைப் பொறுக்காம. வேலை முடிஞ்சு வந்து பாத்தா வெச்ச இடத்துல தன்னோட உடம்பைக் காணோம். அருணகிரிநாதர் கதையில அவர் கிளி உடம்புல போயிருக்கிறப்போ இங்க உடம்பை எரிச்சிடறாங்க. ரெண்டு கதையிலயும் போறதுல சிக்கலே கிடையாது. அதுக்கு மிஷினும் கிடையாது. விட்டுட்டுப் போன உடம்பை எவன் பாத்துக்கிறான்ங்கிறதுலதான் கதையே மாட்டுது.

அதனால உங்க பெரியவர் பண்ணின கருவியில முக்காவாசி, போறதுக்கு இல்ல, காவலுக்கு இருக்கணும். உடம்பு உயிரோட இருக்குன்னு சொல்ற விளக்கு, எவ்ளோ நேரம் ஆச்சுன்னு காட்டற முள், ‘தொடாதே’ன்னு எழுதின பலகை, பக்கத்துல உக்கார ஒரு ஸ்டூல். அந்த ஸ்டூல்ல யார் உக்காருவாங்கங்கிறதுதான் உங்க நாடகம். காலியா ஒரு ஸ்டூலை மட்டும் மேடையில வெச்சுப் பாருங்க, கருவி தன்னால பெருசாத் தெரியும்.

கம்பிகட்டு கூடை சொன்னது தற்செயலா என்னான்னு தெரியல, அது நம்ம ஏரியா கதையும்கூட. திருவொற்றியூர் கடற்கரையில பட்டினத்தார் தன்னை ஒரு சாலால (பெரிய பானையால) கவுத்து மூடச் சொல்லிப் பசங்களோட விளையாடினார், கடைசியா திறந்தப்போ லிங்கமா இருந்தார்னு சொல்வாங்க. ஆள் மறையறதை யாரும் பாக்கல. மூடினதைப் பாத்தாங்க, திறந்ததைப் பாத்தாங்க, அவ்ளோதான். நீங்களும் நடுவுல எதையும் காட்டாதீங்க.

கிடக்கிற உடம்புக்கு ரெண்டு டிப்ஸ். முதல் வரிசைக்கு வயிறு ஏறி இறங்கறது தெரியும். சாய்வு நாற்காலியில தலை பின்பக்கம், கால் சனத்தைப் பார்த்து இருக்கட்டும், இடுப்புலேர்ந்து கால் வரைக்கும் ஒரு கம்பளி. மார்பால மூச்சு விடாம அடிவயித்தால விடச் சொல்லுங்க. ரெண்டாவது, நாடி விளக்கு. நிஜ நாடி சென்சார் வேணாம், விரல் அசைஞ்சா உளறும். டைமர் போட்டு நிமிஷத்துக்கு 72ல ஆரம்பிச்சு ஒன்றரை நிமிஷத்துல 40க்கு இறக்குங்க. யாரும் எண்ண மாட்டாங்க. ஆனா 40க்கு வந்ததும் ஹால்ல இருமல் நிக்கும்.

ஒலிப்பெட்டி:

சத்தம் என் பக்கம். வலது காதுல ஒண்ணு, இடது காதுல ஒண்ணுன்னு ரெண்டு ஸ்வரம் விட்டா மூளையில மூணாவதா ஒரு அதிர்வு கேக்கும்னு நெட்ல நிறைய சுத்துது. விஷயம் உண்மைதான், 19ஆம் நூற்றாண்டுலயே ஹைன்ரிச் வில்ஹெல்ம் டோவ்ங்கிற ஜெர்மன்காரர் கண்டுபிடிச்சது. ஆனா அதுக்கு ஹெட்ஃபோன் வேணும். ஹால் ஸ்பீக்கர்ல விட்டா ரெண்டும் காத்துலயே கலந்துரும்.

கலக்கறதையே நீங்க வெச்சுக்கலாம். ஒரு ஸ்பீக்கர்ல 110 ஹெர்ட்ஸ், இன்னொண்ணுல 112. நொடிக்கு ரெண்டு தடவை ஹாலே மூச்சு விடற மாதிரி ஏறி இறங்கும், ஒவ்வொரு நாற்காலியிலயும் ஒவ்வொரு மாதிரி. உங்ககிட்ட இருக்கிறது சின்ன ஸ்பீக்கர்னா 110லயே அழும், 165ம் 167ம் போட்டுக்கோங்க.

இப்போ ‘போயிட்டாரு’. இதுக்கு எதையும் சேர்க்காதீங்க, நிறுத்துங்க. கதவு திறந்து சனம் உக்காரும்போதே ரொம்பச் சின்னதா ஒரு சத்தம் ஓடிக்கிட்டே இருக்கட்டும்: கடல் அலை, தூரத்துல கன்டெய்னர் லாரி ரிவர்ஸ் எடுக்கிற பீப் பீப், கூட்ஸ் ரயில் ஹாரன். ராயபுரத்துல பொறந்து வளர்ந்தவங்க காதுக்கு அதெல்லாம் சத்தமே இல்ல, அஞ்சு நிமிஷத்துல கேக்கறதையே விட்டுருவாங்க. திருகு திரும்பின அந்த நொடி அத்தனையும் ஒரே வெட்டுல நிக்கணும். ஃபேட் பண்ணாதீங்க, அதாவது கொஞ்சம் கொஞ்சமாக் குறைக்காதீங்க, குறைச்சா காது தயாராயிரும். சத்தம் வெட்டி ஒன்றரை செகண்ட் கழிச்சு உச்சி விளக்கு அணையட்டும். ரெண்டும் ஒண்ணா நின்னா ஹால்ல கரன்ட் போச்சுன்னு நினைப்பாங்க, ‘ஃபியூஸு’ன்னு ஒரு குரல் வரும், அத்தோட கதை முடிஞ்சுது.

திரும்பி வரும்போது முதல்ல வர வேண்டியது விளக்கு இல்ல. அந்த லாரி பீப்.

இந்த வெட்டு எடுபடணும்னா ஹால் ஃபேனைப் பத்தி முன்னாடியே யோசிக்கணும். பத்து ஃபேன் ஓடினா உங்க அலைச் சத்தம் அதுல முங்கிப் போகும். ஃபேனை வெச்சுக்கிட்டே, அதுக்கு ஒரு படி மேல இருக்கிற மாதிரி வால்யூமை வையுங்க. காலி ஹால்ல வெச்ச அளவு சனம் வந்ததும் பத்தாது, உடம்பும் துணியும் சத்தத்தைக் குடிக்கும்.

லேப்டாப்பைச் சார்ஜர்ல போட்டு மிக்சர்ல சொருகினா 50 ஹெர்ட்ஸ் உறுமல் வரும். அந்த நிசப்தத்துல உறுமல் மட்டும் மிஞ்சினா கேவலமா இருக்கும். ஷோ நேரத்துல பேட்டரியில ஓட்டுங்க.

ராயபுரம்மேடை:

அண்ணா, ஃபேடை விட வெட்டு நல்லா வருது, ஒத்திகையில கேட்டோம். சால் அண்ணா, ஸ்டூல் வெச்சாச்சு.

கருவியில நாலு பிரச்சினை. உச்சி விளக்கு அணைஞ்சு அரை நிமிஷத்துல எல்லாமே செத்துப் போகுது, பவர் பேங்க் பட்டனை அமுக்கினாதான் திரும்ப வருது. நேரம் காட்டற முள்ளுக்கு வெச்ச சர்வோ (சின்ன மோட்டார்) திரும்பும்போதெல்லாம் நானோ ரீசெட் ஆகுது. கூடையில வெள்ளை வெளிச்சம் கேட்டா செம்பருத்திக் கலர்ல வருது. சுவிட்ச் கடையில 12 நிலைதான் இருக்கு, 14 இல்லேங்கிறாங்க.

கம்பிகட்டு:

பவர் பேங்க் கெட்டுப் போகல. கரன்ட் இழுக்கிறது ரொம்பக் குறைஞ்சா ‘ஃபோன் ஃபுல் ஆயிருச்சு’ன்னு நினைச்சு அது தூங்கிரும். உங்க இருட்டுக் காட்சியில நடக்கிறது அதேதான். 5 வோல்ட்டுக்கும் கிரவுண்டுக்கும் நடுவுல 47 ஓம் 2 வாட் ரெசிஸ்டர் ஒண்ணு நிரந்தரமாப் போடுங்க, 106 மில்லி ஆம்ப்ஸ் சும்மா இழுத்துக்கிட்டே இருக்கும். அப்பவும் தூங்கினா 33 ஓம். லேசா சுடும், மூங்கில்ல ஒட்ட வைக்காம பெட்டிக்குள்ள தனியா நிறுத்துங்க.

சர்வோ கிளம்பற நொடியில குபீர்னு இழுக்கும், வோல்ட்டேஜ் சரியும், நானோ மயங்கும். பவர் பேங்க்ல ரெண்டாவது ஓட்டை இருந்தாலும் அதை நம்பாதீங்க, உள்ளே ஒரே சர்க்யூட்டா இருக்கலாம். சர்வோவுக்கு நாலு ஏஏ செல் தனியா, கிரவுண்ட் மட்டும் ரெண்டுக்கும் பொது. கிரவுண்டைச் சேர்க்க மறந்தா முள் நடுங்கும்.

கலர் மாறுறது வயரால. மெலிசான சார்ஜர் வயரை ரெண்டு மீட்டர் இழுத்திருப்பீங்க. அதுல ஒரு வோல்ட்டுக்கு மேல விழுந்துரும். நீலத்துக்கும் பச்சைக்கும் வோல்ட் அதிகம் வேணும், அதுங்க முதல்ல சாகும், மிச்சம் சிவப்பு. 0.75 சதுர மி.மீ. வயர் மாத்துங்க, ஒன்றரை ஆம்ப்ஸுக்கு 0.15 வோல்ட்தான் விழும்.

சுவிட்ச் கேள்வி நல்லா இருக்கு. 14 நிலை தேடி ரிச்சி ஸ்ட்ரீட் எலக்ட்ரானிக்ஸ் கடைங்கள்ல அலையாதீங்க. மேல் ஏழுல முதல் உலகம் பூலோகம், நாம உக்காந்திருக்கிற இடம். அது ஓய்வு நிலை. அப்போ மேல ஒரு திருகு: பூலோகம், புவர்லோகம், சுவர்லோகம், மகர்லோகம், ஜனலோகம், தபோலோகம், சத்தியலோகம். கீழ ஒரு திருகு: ஓய்வு, அப்புறம் அதலம் தொடங்கி பாதாளம் வரைக்கும் ஏழு. 12 நிலை சுவிட்ச்ல நட்டுக்கு அடியில ஒரு நாக்கு வெச்ச வாஷர் இருக்கும், அதை எடுத்து எந்த ஓட்டையில போடறீங்களோ அங்க திருகு நின்னுரும். மேலதுக்கு 7, கீழதுக்கு 8. ரெண்டு கையால ரெண்டு திருகு திருப்பறதைப் பாக்கவும் கிரேன் கேபின் மாதிரியே இருக்கும்.

14 வயர் இழுக்க வேணாம். ஒவ்வொரு நிலைக்கும் நடுவுல 1கே ரெசிஸ்டர், ஒரு முனை 5 வோல்ட், ஓய்வு முனை கிரவுண்ட், நடு வயர் நானோவோட அனலாக் காலுக்கு. கீழ்த் திருகுல 7 ரெசிஸ்டர், ஒரு படிக்கு நானோ காட்டற ரீடிங் ஏறக்குறைய 146 ஏறும். மாட்டிக்கிற இடம் இது: ஒரு நிலையிலேர்ந்து அடுத்ததுக்குப் போகும்போது ஒரு நொடி எதையும் தொடாம அந்தரத்துல நிக்கும், அப்போ ரீடிங் கண்டபடி வரும், அதலத்துக்குப் போறவர் பாதாளத்துல மின்னிட்டு வருவார். நடு வயர்லேர்ந்து 100கே ரெசிஸ்டர் ஒண்ணு கிரவுண்டுக்குப் போடுங்க, 50 மில்லிசெகண்ட் ஒரே ரீடிங் நின்னாதான் ஏத்துக்கணும்னு புரோகிராம்ல எழுதுங்க.

நரம்புச்சரடு:

வசனத்துக்காகச் சில தகவல்கள். பெரியவர் ஏதாவது பேசித்தானே ஆக வேண்டும், ‘குவாண்டம்’ என்று மட்டும் சொல்ல விட்டுவிடாதீர்கள்.

உடம்பை விட்டு வெளியே நிற்கும் உணர்வுக்கு மூளையில் இடம் உண்டு. 2002இல் ஓலாஃப் பிளாங்கே குழுவினர், வலிப்பு நோய்க்காகச் சோதிக்கப்பட்ட ஒரு பெண்ணின் வலது பக்க மூளையில், காதுக்குப் பின் மேலாக உள்ள மடிப்பில் சிறிது மின்சாரம் செலுத்தியபோது, தான் படுத்திருப்பதை மேலிருந்து பார்ப்பதாக அவர் சொன்னார். ஆகவே பெரியவர் கூடையைத் திருத்தும்போது விரல் வைக்க வேண்டிய இடம் நெற்றி அல்ல, வலது காதுக்கு மேல் பின்புறம். தெரிந்தவர்கள் கவனிப்பார்கள்.

கனடாவின் லாரன்ஷியன் பல்கலைக்கழகத்தில் மைக்கேல் பெர்சிங்கர், தலையில் கம்பிச்சுருள் வைத்து மெல்லிய காந்தப்புலம் கொடுத்தால் அருகில் யாரோ இருப்பது போல் தோன்றும் என்றார். ஸ்வீடன் ஆய்வாளர்கள், கருவி ஓடுகிறதா நிற்கிறதா என்பதைச் சோதிப்பவருக்கும் உட்கார்ந்தவருக்கும் சொல்லாமல் திரும்பச் செய்து 2005இல் வெளியிட்டார்கள். காந்தத்தால் எந்த வேறுபாடும் இல்லை. சொன்னதை எளிதில் ஏற்கும் இயல்புள்ளவர்களுக்கு, கருவி நின்றிருந்தபோதும் அனுபவம் வந்தது. ஸ்டூலில் உட்கார்ந்திருப்பவர் ஒரு காட்சியில் வயரைப் பிடுங்கிவிட்டுப் பேசாமல் இருக்கலாம். பெரியவர் அப்போதும் போய் வரட்டும்.

2007இல் இரண்டு குழுக்கள் செய்தது உங்களுக்கு நேரடியாகப் பயன்படும். ஒருவருக்குப் பின்னால் கேமரா, அவர் கண்ணில் அதன் படம். தொடுதலையும் படத்தையும் ஒரே நேரத்தில் கொடுத்தால், தான் இருக்கும் இடமே மாறியதாக உணர்கிறார். மேடை உத்திரத்தில் ஒரு வெப்கேம் கட்டி, கிடக்கும் உடம்பை மேலிருந்து பின்துணியில் காட்டுங்கள். பார்வையாளர்கள்தாம் அப்போது வெளியே போனவர்கள். யுஎஸ்பி வயர் 5 மீட்டருக்கு மேல் போனால் படம் அறுந்து அறுந்து வரும், நீளம் வேண்டுமென்றால் பவர் உள்ள எக்ஸ்டென்ஷன் வாங்குங்கள். வைஃபையில் அனுப்பினால் படம் தாமதமாக வரும், கை அசைந்து சற்றுக் கழித்தே துணியில் அசையும்.

சால்_கவுத்தவன்:

அந்தத் தாமதத்தை ஏன் சரி பண்ணணும்? திரும்பி வர்ற காட்சிக்கு மட்டும் வேணும்னே வெச்சுக்கோங்க. நாற்காலியில கண் திறக்குது, துணியில இன்னும் மூடியிருக்கு. அந்த அரை நொடி போதும்.

ராயபுரம்மேடை:

வயர் பிடுங்கற காட்சி எழுதியாச்சு. வெப்கேமும் புரொஜெக்டரும் இரவல் கிடைச்சிருக்கு. சாம்பிராணி போடலாமா, இல்ல ட்ரை ஐஸா? மொபைல் ஷூட்டுக்கும் ஏதாவது சொல்லுங்க.

கம்பிகட்டு:

ட்ரை ஐஸ் கூடவே கூடாது. அது விடறது கார்பன் டை ஆக்சைடு, காத்தை விடக் கனம், தரையோட தேங்கும். உங்க நடிகர் சாய்ஞ்சு கிடக்கிறதும் அங்கதான். சாம்பிராணி கொஞ்சமாப் போடுங்க, சனம் வர்றதுக்கு முன்னாடி ஒரு தடவை, காட்சியில வேணாம். பின்னல் நிழல் துணி வரைக்கும் போற வழி காத்துல கோடு கோடாத் தெரிய அது போதும்.

மொபைல்ல 25 ஃப்ரேம், ஷட்டர் 1/50னு பூட்டுங்க. நம்ம கரன்ட் 50 ஹெர்ட்ஸ், 30 ஃப்ரேம்ல எடுத்தா ஹால் டியூப்லைட் பட்டை பட்டையா ஓடலாம். எக்ஸ்போஷரையும் பூட்டணும். பூட்டலேன்னா நீங்க இருட்டாக்கின நொடியில கேமரா தானே வெளிச்சத்தை ஏத்திக் காட்டிரும். பெட்டி மேல உலகத்தோட பேர் எழுதறீங்கன்னா பத்து அடிக்கு ஒரு அங்குலம் கணக்கு, கடைசி வரிசைக்கு எழுத்து நாலரை அங்குலம் உயரம். பூலோகம் போக மிச்ச 13 உலகத்தோட பேரும் அந்த அளவுல பெட்டியில அடங்காது, ‘மேல்’, ‘கீழ்’னு ரெண்டே சொல் போதும்.

கடைசியா உப்புக் காத்து. நானோவுல குத்திப் பிடுங்கற ஜம்பர் வயர் எல்லாத்தையும் எடுத்துட்டு ஈயம் பத்த வைங்க, மேல ஷ்ரிங்க் டியூப் (சூடு பண்ணினா சுருங்கிப் பிடிக்கிற குழாய்) ஏத்துங்க. எனாமல் கம்பியில பத்த வைக்கற இடத்தைப் பளபளன்னு சுரண்டினாதான் ஈயம் ஒட்டும். ஒட்டின மாதிரி தெரிஞ்சாலும் ஒரு இழு இழுத்துப் பாருங்க. திருகு சுவிட்ச் ரெண்டையும் ஒவ்வொரு ஷோவுக்கும் முன்னாடி முழுசா இருபது தடவை முன்னும் பின்னும் திருப்பினா உள்ளே படிஞ்ச கறுப்பு தேய்ஞ்சு போயிரும். கூடையைப் பிளாஸ்டிக் கவர்ல கட்டி வைக்காதீங்க, வேர்த்துப் பூஞ்சை பிடிக்கும். துணிப்பையில போட்டு ஃபேனுக்குக் கீழே தொங்க விடுங்க. இன்னொரு கூடையும் உள்பட்டியோட தயாரா இருக்கட்டும், ரெண்டாவது நாள் யாராவது அதுமேல உக்காந்துருவாங்க.